‘டெர் மூடே டோட்’ (களைத்த மரணம்): பார்த்தவர்கள் பகிர்ந்த அனுபவங்கள்

பதிவு 1
ஃபிரிட்ஸ் லாங் 1921இல் எடுத்த இந்த ஜெர்மன் மௌனப் படத்தில், மரண தேவன் கொண்டுபோன தன் காதலனை மீட்க ஓர் இளம்பெண் அவனிடமே போய் மன்றாடுகிறாள். நேராக மெழுகுவர்த்தி மண்டபத்துக்கு வருகிறேன். ஒவ்வொரு சுடரும் ஓர் உயிர் என்று அந்தப் பெண்ணாக நடித்த லில் டாகோவருக்குக் காட்டும் மரண தேவன், ஒரு சுடரைத் திரியிலிருந்து எடுக்கிறான். அது அவன் கைகளில் பச்சிளங்குழந்தையாகி மறைகிறது. எங்கோ ஒரு தாய் அழுகிறாள். நிறைமாத கர்ப்பிணியாக இருந்தபோது இதைப் பார்த்த எனக்கு, அந்த மரண தேவன்மீது கோபம்கொள்ளக்கூட முடியவில்லை. மரண தேவனாக நடித்த பெர்ன்ஹார்ட் கெட்ஸ்கேயின் முகத்தில் குரூரமே இல்லை, தன் வேலையால் சலித்துப்போன களைப்பு மட்டுமே இருக்கிறது. இன்றும் அந்த முகம் என்னை விடவில்லை.

பதிவு 2
எனக்கு நெருடலானது முதியோர் காட்சி. காதலனுக்கு ஈடாக ஓர் உயிரைத் தேடி அவள் அலையும்போது, ஒருநாளைக்கூட, ஒரு மூச்சைக்கூடத் தர மாட்டோம் என்று எல்லோரும் மறுக்கிறார்கள். அருகில் அமர்ந்து பார்த்த என் தந்தை, “அவர்கள் சொல்வது நியாயம்தானே” என்றார். எண்பதைக் கடந்தவர் அவர். மற்றபடி இது நம் சாவித்திரி கதைதான். காதலனைச் சாவிலிருந்து காக்க அவள் முயலும் பாக்தாத், வெனிஸ், சீனக் கிளைக்கதைகள் இல்லாமலே படம் நின்றிருக்கும்.

பதிவு 3
இரண்டாம் பதிவுடன் எனக்கு உடன்பாடில்லை. சாவித்திரி சொல்வன்மையால் எமனை வென்று கணவனை மீட்கிறாள். இந்தப் பெண்ணோ, தீப்பிடித்த கட்டடத்தில் கைக்கு வந்த குழந்தையைக் கொடுத்தால் காதலன் கிடைப்பான் என்று தெரிந்தும், அதைச் சன்னல் வழியே தாயிடம் இறக்கிவிட்டுத் தன்னையே தருகிறாள். மூன்று கிளைக்கதைகளிலும் தோட்டக்காரனாகவும் ஏவியபடி கொல்பவனாகவும் வில்லாளியாகவும் வருபவர் அதே கெட்ஸ்கேதான். மும்முறையும் அவள் எடுத்த முயற்சியே காதலனை மரண தேவனிடம் கொண்டுசேர்க்கிறது. அந்தத் தோல்விகளைக் காணாதவருக்கு, கடைசியில் குழந்தையை ஏந்தி அவள் தயங்கும் அந்தக் கணத்தின் கனம் விளங்காது. நான் அழுததும் அங்கேதான்.

இனிப் பார்க்கப்போகிறவர்கள், இணையத்தில் கிடைக்கும் மங்கலான பழைய பிரதிகளைத் தவிர்த்து, காட்சிகளுக்கேற்ப நிறச்சாயம் சேர்த்து 2016இல் வெளியிடப்பட்ட மீட்டெடுப்பைத் தேடுங்கள். கைபேசியில் பார்க்க வேண்டாம். மரண தேவனின் இடத்தைச் சூழ்ந்த, வாயிலே இல்லாத அந்தப் பெருஞ்சுவரின் முன் அவள் எவ்வளவு சிறியவளாக நிற்கிறாள் என்பது சிறு திரையில் தெரியாது. இசையை நிறுத்திவிட்டும் பார்க்காதீர்கள்; மௌனப் படங்கள் திரையரங்கில் இசையுடனேயே காட்டப்பட்டன.