இஷாங்கோ எலும்பில் இருப்பவை பகா எண்களா, வெறும் கீறல்களா?

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். ஆறாம் வகுப்பில் பகா எண்கள் பாடத்தை இஷாங்கோ எலும்பின் கதையோடு தொடங்கலாமென்று எண்ணுகிறேன். எட்வர்ட் ஏரியிலிருந்து செம்லிக்கி ஆறு புறப்படும் இடத்தில், அன்றைய பெல்ஜியக் காங்கோவில், 1950-ஆம் ஆண்டு நிலவியலாளர் ழான் த ஹைன்சலன் கண்டெடுத்த, ஏறத்தாழ 20,000 ஆண்டுப் பழமையுள்ள எலும்பு அது. அதன் ஒரு வரிசையில் 11, 13, 17, 19 என்று கீறல்கள் தொகுதி தொகுதியாக உள்ளன. பத்துக்கும் இருபதுக்கும் இடையிலுள்ள பகா எண்கள் இந்த நான்கும்தான். அக்கால மக்கள் பகா எண்களை அறிந்திருந்தார்கள் என்று மாணவர்களிடம் சொல்லலாமா?

மறுமொழி 1

சொல்ல வேண்டாம் என்பேன். வகுத்தல் என்ற செயல் தெரியாதவர்களுக்கு, வகுபடாத எண் என்ற எண்ணம் எப்படித் தோன்றும்? மற்ற வரிசைகளையும் சேர்த்துப் பாருங்கள். இன்னொன்றில் 11, 21, 19, 9 இருக்கின்றன. பத்தையும் இருபதையும் ஒன்று கூட்டியும் ஒன்று குறைத்தும் எழுதியவை என்று இவற்றைப் படித்தவர்கள் உண்டு. இந்த இரு வரிசைகளும் தனித்தனியே 60 ஆகின்றன, நடு வரிசையோ 48 ஆகிறது. 60 நாள் என்பது ஏறத்தாழ இரண்டு நிலவு மாதம். இதைக் கொண்டு ஆய்வாளர் அலெக்சாண்டர் மார்ஷாக் இந்தக் கீறல்களை நிலவின் பிறைகளைக் குறித்த நாட்கணக்கு என்றார். நுனியில் படிகக் கல் பதித்த கைப்பிடி அது, கீறல்கள் வழுக்காமல் பிடிப்பதற்கே என்பாரும் உண்டு. விரல் நீளத்தைவிடக் கொஞ்சமே கூடுதலான ஒரு எலும்பு இத்தனை கருத்துகளையும் தாங்குகிறதென்றால், எதையும் உறுதியாகச் சொல்லும் வலு அதற்கில்லை என்றே எனக்குப் படுகிறது.

மறுமொழி 2

கீறல் போடுவதற்கு எண்களின் பெயர்கூடத் தெரிய வேண்டியதில்லை என்பதையும் மாணவர்களுக்குச் சொல்லுங்கள். என் தாத்தா களத்தில் நெல் அளக்கும்போது முதல் மரக்காலை ஒன்று என்னாமல் 'லாபம்' என்பார். ஒரு கலம் நிறைந்ததும் ஒரு பிடி நெல்லைச் சாக்கின் ஓரத்தில் தனியே வைப்பார். இடையில் யாராவது பேச்சுக் கொடுத்து எண்ணிக்கை தவறினாலும் அந்தப் பிடிகள் கணக்கைக் காப்பாற்றிவிடும். தென்னாப்பிரிக்காவின் லெபோம்போ மலைத்தொடரில் கிடைத்த, 40,000 ஆண்டுகளுக்கும் முற்பட்ட பபூன் குரங்கின் எலும்பில் 29 கீறல்கள் உள்ளன. அவை ஒரே கருவியால் ஒரே மூச்சில் போடப்பட்டவையல்ல என்று நுண்ணோக்கியால் ஆராய்ந்தவர்கள் கூறுகிறார்கள். அவ்வப்போது ஒன்று சேர்த்தார்கள் என்றால் அதை எண்ணிக்கை என்று கருத இடமுண்டு. அதன் ஒரு முனை உடைந்திருப்பதால், 29 என்பதை மாதத்தின் நாட்கள் என்று மட்டும் அவசரப்பட்டுச் சொல்லிவிடாதீர்கள்.

மறுமொழி 3

என்னைக் கேட்டால், கணிதத்தின் தொடக்கத்தைக் காட்ட எலும்பைவிட மண் பொருத்தமானது. மெசொப்பொத்தேமியாவில் தானியத்துக்கு ஒரு வடிவம், எண்ணெய்க்கு இன்னொன்று என்று சிறு களிமண் வில்லைகளைச் செய்து, பொருளுக்கு ஒன்றாக வைத்துக் கணக்குப் பார்த்தார்கள் என்பது தொல்லியலாளர் டெனிஸ் ஷ்மான்ட்-பெசராட் முன்வைத்த விளக்கம். பின்னர் அவற்றை மண் உருண்டைக்குள் இட்டு மூடினார்கள். உள்ளே இருப்பது தெரிவதற்காகச் சில உருண்டைகளின் மேற்புறத்தில் அடையாளமும் அழுத்தினார்கள். அங்கிருந்த ஊருக் நகரத்தின் பழைய களிமண் எழுத்துப் பலகைகளில் ஒரு விந்தை உண்டு. வட்டக் குழி ஒன்று, ஆடுகளை எண்ணும்போது பத்துச் சிறு குறிகளுக்குச் சமம். தானியத்தை அளக்கும்போது ஆறுக்குச் சமம். நிலத்தை அளக்கும்போது பதினெட்டுக்குச் சமம். அதாவது, எழுதத் தொடங்கிய பிறகும், பொருளிலிருந்து பிரிந்து தனியே நிற்கும் 'பத்து' அவர்களிடம் முழுமையாக உருவாகியிருக்கவில்லை.

கேட்டவர்

மிக்க நன்றி. எலும்பைப் பகா எண் பாடத்திலிருந்து எடுத்துவிடுகிறேன். முதல் வகுப்பில் ஆளுக்கொரு பிடி புளியங்கொட்டையைக் கொடுத்து, எண்ணின் பெயரைச் சொல்லாமல் வகுப்பிலுள்ள நாற்காலிகளைக் கணக்கெடுக்கச் சொல்லப்போகிறேன். வட்டக் குழி அடுத்த வாரத்துக்கு.