பொருள்: தோட்டத்து ‘பிரைவசி ஸ்கிரீன்’: வேலியா, மறைப்பா, தட்டியா?

வணக்கம்.

வீட்டுத் தோட்டக் கலைச்சொல் பட்டியலில் ‘பிரைவசி ஃபென்ஸ்’, ‘பிரைவசி ஸ்கிரீன்’ இரண்டுக்கும் ‘தனியுரிமை வேலி’ என்ற ஒரே சொல் நிற்கிறது. மாற்றியாக வேண்டும். தனியுரிமை சட்டத்திலும் தரவுப் பாதுகாப்பிலும் ஊன்றிவிட்ட சொல். தோட்டத்தில் நாம் தேடுவது உரிமையை அல்ல, பிறர் பார்வை படாத ஓர் இடத்தை.

அதைவிடப் பெரிய சிக்கல் ‘வேலி’. வேலி என்றால் எல்லையில் நிற்பது. ஸ்கிரீன் எல்லையில் நிற்கவேண்டிய கட்டாயமே இல்லை. கணக்குப் போட்டுப் பாருங்கள்: பக்கத்து மாடியில் நிற்பவரின் கண் 4.5 மீட்டர் உயரத்தில்; நம் இருக்கை அங்கிருந்து 9 மீட்டர் தள்ளி; உட்கார்ந்திருப்பவரின் முகம் 1.2 மீட்டர் உயரத்தில். இருக்கையிலிருந்து 6 மீட்டர் தள்ளி எல்லையில் மறைக்க 3.4 மீட்டர் உயரம் தேவை. அதையே இருக்கைக்கு 1.5 மீட்டர் அருகில் நிறுத்தினால் 1.75 மீட்டர் போதும். எல்லையில் எவ்வளவு உயர்த்தினாலும் மறையவில்லை என்று வருந்துகிறவர்களுக்கு விடை இந்த வேறுபாட்டில்தான் இருக்கிறது. சொல்லும் அதைக் காட்ட வேண்டும். ‘கண்மறைப்பு’ என்று முன்மொழிகிறேன்.

—

> ‘கண்மறைப்பு’ என்று முன்மொழிகிறேன்.

ஐயா, பார்வையிலிருந்து சொல்லைப் பிறப்பிப்பது சரியே. ஆனால் ‘ஆசை கண்ணை மறைத்தது’ என்ற வழக்கு இருக்கும்வரை கண்மறைப்பு என்றால் மதி மயங்கியதாகவே காதில் விழும்.

‘தட்டி’ நம்மிடம் இருக்கிறதே. மூங்கில் தட்டி, ஓலைத் தட்டி: சட்டத்தில் கட்டிய, நகர்த்தக்கூடிய, இடைவெளியுள்ள மறைப்பு. எல்லையில் ஊன்றியது ‘மறைவேலி’, எங்கும் நிறுத்தக்கூடியது ‘மறைதட்டி’ என்று பிரித்துக்கொள்ளலாம்.

இடைவெளி என்பதை அழுத்திச் சொல்கிறேன். முற்றிலும் அடைத்த மறைப்பின் மேல் ஏறிய காற்று மறுபுறம் சுழன்று இறங்கிச் செடிகளை முறிக்கும். பரப்பில் 40 முதல் 50 விழுக்காடு திறந்திருந்தால் காற்று வடிந்து வேகம் தணியும். அவ்வளவு திறந்தால் பார்வையும் நுழையும் என்பதால் பலகையை எப்படி அடுக்குகிறோம் என்பதுதான் தீர்வு. காற்றின் வேகம் இருமடங்கானால் விசை நான்கு மடங்காகும். அடைத்த தட்டியின் கால்கள் சாய்வது இதனால்தான். 1.8 மீட்டர் உயர மறைவேலிக்கு 2.4 மீட்டர் கால் எடுத்து 60 செ.மீ. மண்ணுக்குள் இறக்குங்கள், இளகிய மண் என்றால் இன்னும் ஆழம். குழியின் அடியில் 10 செ.மீ. சரளை, மேலே காங்கிரீட். அதன் தலையைக் காலைச் சுற்றிச் சரிவாகத் தேய்த்துவிட வேண்டும். தட்டையாக விட்டால் நீர் தேங்கும். ஈரமும் காற்றும் சேரும் தரைமட்டத்தில்தான் மரக்கால் முதலில் உளுத்துப்போகும். பலகை மண்ணைத் தொடாமல் 5 செ.மீ. விடுங்கள்.

—

இரண்டு சொற்களையும் ஆதரிக்கிறேன். ஒற்று மிகாது என்பதைப் பட்டியலிலேயே குறித்துவிடலாம். குடிக்கும் நீர் ‘குடிநீர்’ ஆவதுபோல, மறைக்கும் தட்டி ‘மறைதட்டி’, வினைத்தொகை. ‘மறைத்தட்டி’ பிழை. ‘மறைபொருள்’ போல ‘மறைந்த தட்டி’ என்று படிக்க இடமுண்டே எனலாம். ‘தட்டி’ பக்கத்தில் நிற்கும்போது அந்தக் குழப்பம் நேராது. ஒரு கவலை மட்டும்: வேலிக்கு வேண்டிய பொருள்களின் பட்டியலில் ‘மரையாணி’யும் (ஸ்குரூ) உடன் வரும். றகர ரகரம் தட்டச்சில் மாறாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பலகைகளைக் குறுக்குச் சட்டத்தின் இருபுறமும் மாற்றி மாற்றி அறையும் வகைக்கும் சொல் வேண்டும். முன்பக்கம் 10 செ.மீ. பலகை, 7 செ.மீ. இடைவெளி, பின்பக்கப் பலகை அந்த இடைவெளியை மூடி இரு ஓரத்திலும் 1.5 செ.மீ. மேலேறி நிற்கும். நேரே பார்த்தால் அடைப்பு. காற்று வளைந்து போகும். ‘மாற்றுப்பலகை வேலி’ பொருந்துகிறதா? சாய்வாகப் பார்த்தால் கொஞ்சம் தெரியும் என்பதையும் விளக்கத்தில் சேர்க்க வேண்டும்.

ஒரே வரிசைப் பலகையில் நிலைமை நேர்மாறு. 2 செ.மீ. தடிமன், 1 செ.மீ. இடைவெளி என்றால், நேர்க்கோட்டிலிருந்து 27 பாகை விலகியதும் இடைவெளி மூடிக்கொள்ளும். நேரே நிற்பவருக்குக் கீற்றுத்தான் தெரியும். ஆனால் நடந்துகொண்டே பார்ப்பவருக்குக் கீற்றுகள் ஒன்றுசேர்ந்து முழுக்காட்சியாகிவிடும். நடைபாதையை ஒட்டிய பக்கத்துக்கு இது உதவாது.

—

செடிகளை நெருக்கமாக நட்டு வளர்ப்பதற்கு ‘உயிர்வேலி’ ஏற்கெனவே உண்டு, தொட வேண்டாம். அது தழைத்து நிற்க, அடி அகன்றும் உச்சி குறுகியும் கத்தரிக்க வேண்டும். உச்சி அகன்றால் கீழ் இலைகளுக்கு வெயில் கிடைக்காது. அடி மொட்டையாகி, மறைக்க வேண்டிய உயரத்திலேயே ஓட்டை விழும். மூங்கில் வைப்பவர்களுக்காக, ஒரே இடத்தில் குத்தாக வளரும் ‘குத்து மூங்கில்’, மண்ணுக்கடியில் கிழங்கு ஓடிப் பரவும் ‘ஓடு மூங்கில்’ இரண்டையும் பட்டியலில் சேர்க்கக் கேட்டுக்கொள்கிறேன். ஓடு மூங்கிலுக்கு 60 செ.மீ. ஆழம் வரை கனத்த பிளாஸ்டிக் தகட்டுத் தடுப்பு வேண்டும், தகட்டின் விளிம்பு மண்ணுக்கு மேல் 5 செ.மீ. தெரிய வேண்டும், இல்லாவிட்டால் கிழங்கு அதன் மேலேறிக் கடந்துவிடும்.

கொடி படர்த்தும் சட்டத்துக்குப் ‘பந்தல்’ வேண்டாம், அது தலைக்கு மேல் கிடப்பது. ‘கொடித்தட்டி’ என்கிறேன், இங்கே பெயர்ச்சொல் என்பதால் ஒற்று மிகும். இதன் விளக்கத்தில் ஒரு வரி கட்டாயம்: கொடி முழுதும் தழைத்தபின் அது அடைத்த சுவராகவே காற்றை வாங்கும், ஆகவே கால்களை வெறுஞ்சட்டத்தின் எடைக்கு நிறுத்தக் கூடாது.

வலை வகைக்கு ‘மறைவலை’ போதும். ஆனால் அது பகலில் மறைப்பது வெளிப்புறம் வெளிச்சமாக இருப்பதால். இரவில் உள்ளே விளக்குப் போட்டால் வெளியே நிற்பவருக்கு எல்லாம் தெரியும். விளக்கை வலைக்குப் பின்னால் அல்ல, வலையின் வெளிமுகத்தில் விழும்படி வைக்க வேண்டும். ‘மறைதட்டி’யின் வரையறையில் ‘எந்நேரமும்’ மறைப்பது என்று முதல் வரைவில் கண்டேன். வலை கட்டிய தட்டிக்கு அது பொருந்தாது. அந்தச் சொல்லை எடுத்துவிடுங்கள்.