1991க்குப் பிறகு சிறுதொழில் நலிந்தது இறக்குமதியாலா, ஒதுக்கீட்டுக் கொள்கையாலா?

கேள்வி: பொருளியல் மாணவி, மதுரை

தாராளமயம் இந்தியச் சிறுதொழில்களை எப்படிப் பாதித்தது என்பது குறித்து முதுகலை ஆய்வேடு எழுதிவருகிறேன். 1991 ஜூலைக்குப் பிறகு வந்து குவிந்த இறக்குமதிதான் சிறு ஆலைகளை மூடவைத்தது என்கிறார்கள் ஒரு சாரார். சிறுதொழிலுக்கென்று பொருள்களை ஒதுக்கிவைத்த பழைய கொள்கையே அவற்றை வளரவிடாமல் முடக்கியது என்கிறார்கள் மறுசாரார். இரண்டும் ஒருசேர உண்மையாக இருக்க முடியுமா? பொதுவான வாதங்கள் வேண்டிய மட்டும் படித்துவிட்டேன். பூட்டு, தீப்பெட்டி, பின்னலாடை என்று ஏதேனும் ஒரு தொழிலை வைத்து விளக்கினால் உதவியாக இருக்கும்.

பதில்: ஓய்வுபெற்ற தொழில்துறை அலுவலர், சென்னை

இரண்டும் உண்மைதான், ஆனால் எது எப்போது நடந்தது என்பதைக் கவனிக்காவிட்டால் விளங்காது. சிறுதொழில் ஒதுக்கீடு 1967இல் 47 பொருள்களோடு தொடங்கி, ஒரு கட்டத்தில் 800ஐத் தாண்டியது. பட்டியலில் இருந்த பொருளைத் தயாரிப்பவர் இயந்திரங்களில் போடும் முதலீடு ஒரு வரம்புக்குள் இருக்க வேண்டியிருந்தது. 1999 முதல் 2006 வரை அது பொதுவாக 1 கோடி ரூபாய். அதற்கு மேல் போக விரும்பினால், உற்பத்தியில் பாதியை ஏற்றுமதி செய்வதாக ஒப்புக்கொள்ள வேண்டியிருந்தது. 1991இல் தொழில் உரிம முறை பெரும்பாலும் நீங்கியபோதும் இந்தப் பட்டியலில் யாரும் கைவைக்கவில்லை. ஒதுக்கீட்டையே கைவிடலாம் என்று, சிறுதொழில் பற்றி ஆராய அரசு அமைத்த ஆபித் உசேன் குழு 1997இல் பரிந்துரைத்த பிறகும் சிறுகச் சிறுகத்தான் குறைத்தார்கள்.

இறக்குமதிக் கதவோ இதைவிட வேகமாகத் திறந்தது. இந்தியாவின் இறக்குமதி அளவுக் கட்டுப்பாடுகளை எதிர்த்து உலக வர்த்தக அமைப்பில் அமெரிக்கா தொடுத்த வழக்கில் நாம் 1999இல் தோற்றோம். 2000 ஏப்ரலில் 714 பொருள்களுக்கும் 2001 ஏப்ரலில் எஞ்சிய 715 பொருள்களுக்கும் கட்டுப்பாடு நீங்கியது. ஒதுக்கீட்டுப் பட்டியலின் கடைசி 20 பொருள்கள் விடுவிக்கப்பட்டது 2015 ஏப்ரலில்தான். ஊறுகாய், பூட்டு, ஊதுபத்தி, மெழுகுவர்த்தி, எவர்சில்வர் பாத்திரம், பட்டாசு, தீப்பெட்டி ஆகியவை அந்தக் கடைசி இருபதில் அடங்கும். ஆக, சுமார் 14 ஆண்டுகள் ஒரு விந்தையான நிலை நீடித்தது. அயல்நாட்டில் எவ்வளவு பெரிய ஆலையில் செய்த பூட்டையும் இங்கே இறக்கி விற்கலாம். அலிகாரில் பூட்டுச் செய்பவர் மட்டும் உள்நாட்டுச் சந்தையை நம்பிப் பெரிய ஆலை கட்டக் கூடாது. சந்தையைத் திறந்ததைக் காட்டிலும், கையைக் கட்டிக் கோதாவில் இறக்கிவிட்ட இந்த முறைகேடுதான் அதிகச் சேதம் செய்தது என்பது என் கணிப்பு.

பதில்: கரிசல்காட்டான், கோவில்பட்டி

ஐயா சொல்வது பூட்டுக்குச் சரி. தீப்பெட்டிக்கு அப்படியே பொருந்தாது. வெளிநாட்டுத் தீப்பெட்டி வந்து இங்கே எந்த ஆலையும் படுக்கவில்லை. கட்டை அடுக்க (குச்சிகளைச் சட்டத்தில் வரிசையாகச் செருக), மருந்து முக்க, பெட்டி ஒட்ட என்று வேலைக்கு வேலை தனி ஆள் இருந்த தொழில் இது. பெட்டி ஒட்டுவது பெரும்பாலும் வீட்டுத் திண்ணையிலேயே நடந்துவிடும். முழு இயந்திர ஆலைகள் வந்ததும், பெண்கள் உட்கார்ந்து கட்டை அடுக்கிய கொட்டகைகள் காலியாகின. ஜி.எஸ்.டி. வந்தபோது கைத் தயாரிப்புக்கு 5 விழுக்காடு, இயந்திரத் தயாரிப்புக்கு 18 விழுக்காடு என்று இருந்ததை 2020 ஏப்ரலில் இரண்டுக்கும் 12 ஆக்கினார்கள். அந்த வரி வித்தியாசத்தை நம்பி ஓடிக்கொண்டிருந்த சிறிய ஆலைகளுக்கு அதோடு பிடிமானம் போயிற்று. குளோரேட், பாஸ்பரஸ், மெழுகு, அட்டை என எல்லாம் விலை ஏறியும், 2007இல் 1 ரூபாய் ஆன பெட்டி 2 ரூபாய் ஆனது 2021 டிசம்பரில்தான்.

இறக்குமதி எங்களைத் தொட்டது வேறு வழியில், சீன லைட்டராக. ஒதுக்கீட்டால் தீப்பெட்டி என்ற பொருளைக் காப்பாற்ற முடிந்தது. அடுப்பும் பீடியும் பற்றவைக்கும் அந்தத் தேவையை வேறொரு பொருள் எடுத்துக்கொண்டதை அதனால் தடுக்க முடியவில்லை. 20 ரூபாய்க்குக் குறைவான லைட்டர்களின் இறக்குமதியை 2023 ஜூனில் தடைசெய்தார்கள். உதிரிபாகமாகக் கொண்டுவந்து இங்கே இணைத்து விற்கத் தொடங்கினார்கள். 2024 அக்டோபரில் உதிரிபாகத்துக்கும் தடை வந்தது. பெட்டிக்கடையில் லைட்டர் இன்னும் தொங்கிக்கொண்டுதான் இருக்கிறது.

பதில்: நொய்யல்கரை, திருப்பூர்

பாதியை ஏற்றுமதி செய்தால் வரம்பில்லை என்ற விதி எங்கள் ஊருக்கு வாய்ப்பாக அமைந்தது. பின்னலாடை ஒதுக்கீட்டில் இருந்த காலத்திலேயே ஏற்றுமதியாளர்கள் பெரிதாக வளர்ந்தார்கள். ஜவுளி ஏற்றுமதிக்கு நாடுவாரியாக உச்ச அளவு வைத்திருந்த பன்னாட்டுக் கோட்டா முறை 2004 இறுதியோடு முடிந்ததும் இன்னும் பெருகினார்கள். ஆகவே தாராளமயம் சிறுதொழிலை அழித்தது என்று இங்கே யாரும் எளிதில் சொல்ல மாட்டார்கள். ஆனால் ஏற்றுமதியாளருக்குக் கீழே தையல், காஜா பட்டன், செக்கிங், அயர்னிங் என்று கூலிக்கு ஜாப் ஒர்க் செய்யும் சிறு யூனிட்டுகளையும் ஆய்வில் சேர்த்துக்கொள்ளுங்கள். வெளிநாட்டு வாங்குநர் பீஸுக்குச் சில காசு குறைத்தால் அது படிப்படியாக இறங்கிக் கடைசியில் பவர் டேபிள் (மின் தையல் மேசை) வைத்திருப்பவர் தலையில் விழும். ஆர்டர் ரத்தானால் தைத்து முடித்த சரக்குக்கும் அவர் அலைந்துதான் கூலி வாங்க வேண்டும்.

கேட்டவர்:

சிறு நிறுவனங்களுக்கு 45 நாளில் பணம் தர வேண்டும் என்ற 2006ஆம் ஆண்டுச் சட்டம் இவர்களுக்குப் பயன்படவில்லையா?

நொய்யல்கரை:

சட்டம் வலுவானதுதான், தாமதத்துக்கு வங்கி வீதத்தைப் போல மூன்று மடங்கு வட்டி, அதுவும் கூட்டுவட்டி கேட்கலாம். 2024 ஏப்ரல் முதல், குறித்த கெடுவுக்குள் கொடுக்காத தொகையை வாங்குபவர் அந்த ஆண்டு வருமானவரிக் கணக்கில் செலவாகக் காட்டவும் முடியாது. ஆனால் உரிமை கோருவதற்கு உத்யம் பதிவும் (சிறு நிறுவனங்களுக்கான அரசுப் பதிவு) முறையான பில்லும் வேண்டும்; துண்டுச் சீட்டில் பீஸ் கணக்கு எழுதி வேலை செய்யும் யூனிட்டுகளிடம் இரண்டும் இருப்பதில்லை. இருப்பவர்களும் புகார் கொடுக்கத் தயங்குகிறார்கள், ஏனெனில் அடுத்த ஆர்டரும் அதே கைகளிலிருந்துதான் வர வேண்டும்.