பதிப்பும் ஆவணப்படமும்: எங்கிருந்து தொடங்குவது?

கேள்வி: முதுகலைத் தமிழ் முடித்துவிட்டேன். சமூக நோக்குள்ள நூல் பதிப்பிலோ ஆவணப்படத் தயாரிப்பிலோ வாழ்நாள் முழுதும் ஈடுபட விரும்பும் நான் எங்கிருந்து தொடங்கலாம்?

மறுமொழி 1: மெய்ப்புத் திருத்துவதிலிருந்து, அதாவது அச்சுக்கு முன் பிழை பார்ப்பதிலிருந்து, தொடங்குங்கள். ஆனால் அதோடு நின்றுவிடாதீர்கள். 1994இல் சென்னையில் தொடங்கப்பட்ட தாரா புக்ஸ் பதிப்பகம், கோண்டு முதலிய பழங்குடி ஓவியர்களோடு சேர்ந்து, கையால் செய்த தாளில் திரை அச்சிட்டு, கையாலேயே தைத்துக் கட்டிய நூல்களையும் வெளியிடுகிறது. பதிப்பு என்பது எழுத்தைத் திருத்துவதோடு முடியாமல் தாள், அச்சு, கட்டுமானம் வரை நீளும் தொழில் என்பதை அவற்றைக் கையில் எடுத்தாலே உணர்வீர்கள்.

மறுமொழி 2: இரண்டையும் சேர்த்துக் கற்க, 2014இல் இதழாளர் பி. சாய்நாத் தொடங்கிய பாரி என்னும் ஊரக இந்திய மக்கள் காப்பகத்தைப் பாருங்கள். உழைப்போர் வாழ்வைக் கட்டுரை, ஒளிப்படம், ஆவணப்படம் எனப் பதிந்து, தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் தருகிறார்கள். மொழிபெயர்ப்பு உங்களுக்கு நல்ல நுழைவாயில். வருமானம் பற்றி நீங்கள் கேட்கவில்லை; ஆனாலும் முதல் சில ஆண்டுகளுக்கு வேறொரு வேலையும் வைத்துக்கொள்ளுங்கள்.