நடுநிலைப் புள்ளி: 10, −30 என்று இரண்டு விடை வருகிறது, எது சரி?

கோண்டாவில் பெடியன்:
நிலைமின்னியல் கணக்கு ஒன்றோடு நேற்றிரவிலிருந்து மல்லுக்கட்டுகிறேன். +4 மைக்ரோகூலோம், −1 மைக்ரோகூலோம் என்று இரண்டு புள்ளி ஏற்றங்கள், இடைத்தூரம் 30 சென்ரிமீற்றர். மூன்றாவது ஏற்றம் ஒன்றை எங்கே வைத்தால் அதில் விளையுள் விசை பூச்சியம், அதாவது நடுநிலைப் புள்ளி எங்கே? −1 இலிருந்து +4 பக்கமாக x என்று எடுத்து இருபடிச் சமன்பாட்டைத் தீர்த்தேன், 10, −30 வந்தது. தூரம் மறையாக வராதுதானே என்று −30 ஐ வெட்டிவிட்டு 10 எழுதினேன், பிழையாம். ஏன்?

பௌதிக அக்கா:
தம்பி, செய்கை சரி, வெட்டினதுதான் பிழை. கூலோமின் விதியில் தூரம் வர்க்கமாக வருவதால் உங்கள் சமன்பாடு இரண்டு விசையின் பருமனும் சமமா என்று மட்டும்தான் பார்க்கிறது, திசை அதற்குத் தெரியாது. 10 இல் ஒரு நேரேற்றத்தை வைத்துப் பாருங்கள்: +4 அதைத் தள்ளும், −1 இழுக்கும், இரண்டும் ஒரே பக்கம்! அங்கே புலம் (ஒரு கூலோமில் தாக்கும் விசை) பூச்சியமாவது எங்கே, ஒவ்வொன்றாலும் 9 இலட்சம் வீதம் சேர்ந்து கூலோமுக்கு 18 இலட்சம் நியூட்டன் வரும். −30 என்றால் மற்றப் பக்கம் 30 என்று அர்த்தம், அதுதான் விடை. முதலில் கொப்பியில் அம்புக்குறி கீறுங்கள், பிறகு சமன்பாடு எழுதுங்கள். எதிர்க் குறி ஏற்றங்கள் என்றால் புள்ளி வெளியே, பருமன் சிறியதன் பக்கம். ஒரே குறி என்றால் இரண்டுக்கும் இடையில்.

சுண்ணாகம் சேர்:
இருபடியே தேவையில்லை. ஏற்றங்களின் விகிதம் 4:1, வர்க்கமூலம் எடுத்தால் தூர விகிதம் 2:1. ஒரு அடிமட்டத்தின் இரு நுனியிலும் ஏற்றங்களை வைத்ததாக நினையுங்கள், −1 இருக்கும் நுனிக்கு அப்பால் இன்னொரு அடிமட்டம் வைத்தால் அதன் கடைசி நுனிதான் புள்ளி. +4 இலிருந்து 60, −1 இலிருந்து 30. பல்தேர்வு வினாவில் இது அரை நிமிடம்.

கோண்டாவில் பெடியன்:
அடிமட்டத்தோடு வைத்துப் பார்த்ததும் விளங்கிவிட்டது, நன்றி சேர், நன்றி அக்கா. மூன்றாவது ஏற்றம் எவ்வளவு என்று கேள்வியில் இல்லையே, அது பரவாயில்லையா?

பௌதிக அக்கா:
பரவாயில்லை, இரண்டு பக்கமும் வெட்டுப்பட்டுவிடும், குறியும் எதுவானாலும் சரி. ஆனால் மூன்று ஏற்றமும் சமநிலையில் இருக்க வேண்டும் என்று கேட்டால் அது +4 ஆகத்தான் இருக்க முடியும். அப்போது −1 இரண்டு +4 களுக்கும் சரி நடுவில் இருக்கும், கீறிப் பாருங்கள். ஆனால் அது உறுதியில் சமநிலை, கோட்டு வழியே கொஞ்சம் அசைத்தாலும் குலைந்துவிடும்.