நடிக்காதவர்களை வைத்து முதல் படம்: செட்டில் பார்த்தவை

உதவி இயக்குநர்:
பி.எஸ்.வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ 2021இல் நெதர்லாந்தின் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் முதன்மைப் பரிசான டைகர் விருது வாங்கியதும், “ரெண்டு பேர், ஒரு பொட்டல்காடு போதும்”னு கிளம்பினவங்க நிறைய. அந்தப் படத்துல அவங்க நடந்தே போறதுக்குக் காரணம் பையனோட செய்கைங்கிறதைக் கவனிங்க. பஸ் காசை அவன் கிழிக்கிறான், அதனால அப்பனும் மகனும் வெயில்ல நடக்கிறாங்க. சும்மா நடக்கவிட்டா பத்தாவது நிமிஷம் படம் படுத்துரும்.

இன்னொண்ணு, திரைக்கதையில ‘ஒரு பக்கம்னா திரையில ஒரு நிமிஷம்’ங்கிற கணக்கு இங்க உதவாது. வசனமில்லாத அரைப் பக்கம் 3 நிமிஷம் ஓடலாம். லொக்கேஷன்ல நடந்து பார்த்து, ஸ்டாப்வாட்ச்சுல நேரம் குறிங்க.

ஒலிப்பதிவாளர்:
லென்ஸ் வாடகையில மிச்சம் பிடிங்க, சவுண்டுல பிடிக்காதீங்க. ஊர்க்காரரை டப்பிங் தியேட்டர்ல நிறுத்தினா, செட்டுல பேசின மூச்சும் இழுவையும் திரும்ப வராது. வினோத்ராஜோட அடுத்த படமான ‘கொட்டுக்காளி’யில பின்னணி இசையே கிடையாது. அப்படி எடுக்க நினைச்சா, ஒலியில உள்ள குறையை மறைக்க இடமில்லை.

ரெக்கார்டர்ல 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வைங்க. பூம் (கம்புல கட்டி நீட்டுற மைக்) முதல்ல, லேப்பல் (சட்டையில மாட்டுற குட்டி மைக்) அதுக்குத் துணைதான். கஞ்சி போட்ட வேட்டி, பட்டு, பாலியஸ்டர் எல்லாம் லேப்பல்ல சரசரக்கும். நைஞ்ச பருத்தி நல்லது, காஸ்ட்யூம்காரர்கிட்ட முன்னாடியே சொல்லிடுங்க. ஃபேன், ஃப்ரிட்ஜ் ஆஃப். ஜெனரேட்டரைச் சுவருக்கு அந்தப் பக்கம், கேபிள் எட்டுற தூரம் தள்ளி நிறுத்துங்க. ஒவ்வொரு இடத்துலயும் யாரும் அசையாம ஒரு நிமிஷம் வெறும் ஒலி பதியணும். அது இல்லேன்னா வெட்டு விழுற இடமெல்லாம் காதுல தட்டும். சாப்பாட்டு நேரத்துல இதைத்தான் முதல்ல விட்டுடுறாங்க.

கேமரா 25 ஃப்ரேம், டிசிபி (தியேட்டருக்குப் போற டிஜிட்டல் பிரதி) 24 ஃப்ரேம்னு மாறிப்போனா படம் 4 சதவீதம் மெதுவாகும், குரலும் கனக்கும். முதல் நாளே ஒரே எண்ணை முடிவு பண்ணிடுங்க.

நடிப்புப் பயிற்சியாளர்:
புதுசா நடிக்கிறவங்க கையில வசனத்தாளைக் கொடுத்தா ஒப்பிப்பாங்க. சூழ்நிலையை மட்டும் சொல்லி, கையில ஒரு வேலை கொடுங்க: வெங்காயம் உரிக்கிறது, வண்டி துடைக்கிறது. ஒத்திகையையும் ரெக்கார்ட் பண்ணுங்க, நல்லது பெரும்பாலும் முதல் டேக்லயே வந்துடும்.

உதவி இயக்குநர்:
ஒரு திருத்தம், அண்ணே. கையில வேலை இருந்தா டேக்குக்கு டேக் கன்டினியூட்டி, அதாவது காட்சித் தொடர்ச்சி, உதைக்கும். பாதி உரிச்ச வெங்காயத்தை எடிட்டர் எதோட ஒட்டுவாரு? ஒரே ஷாட்டா ஓடுற காட்சிக்கு மட்டும் அந்த வழி.

போஸ்ட் புரொடக்‌ஷன் மேற்பார்வையாளர்:
படத்தை யூடியூபில் போட்டுவிட்டு விழாவுக்கு அனுப்பாதீர்கள், முதல் திரையிடல் கேட்கும் விழாக்கள் எடுக்காது. பாஸ்வேர்டு போட்ட லிங்க் போதும். ஆங்கில சப்டைட்டில் இரண்டு வரிக்குள், வரிக்கு 42 எழுத்துக்குள் அடங்கட்டும். “ஏலேய்”, “என்னத்தா” மாதிரி விளிகளை எல்லாம் மொழிபெயர்க்க வேண்டாம், முகமே சொல்லிவிடும். படம் முடியாத நிலையில் இருந்தால், கோவாவில் நவம்பரில் நடக்கும் திரைப்படச் சந்தையான பிலிம் பஜாரின் (இப்போது ‘வேவ்ஸ் பிலிம் பஜார்’) ‘வொர்க் இன் புரோகிரஸ்’ பிரிவுக்கு ரஃப் கட்டை, அதாவது முதற்கட்ட எடிட்டை, அனுப்பலாம். அதில் சவுண்ட் முடிந்திருக்க வேண்டியதில்லை, வசனம் மட்டும் தெளிவாகக் கேட்க வேண்டும்.