மறு: விளையாட்டில் நடந்ததை நடந்த பிறகு சேமிப்பது – ‘சற்றுமுன்’ என்றே வைப்போம்

அனைவருக்கும் வணக்கம்.

கணினி விளையாட்டில் நடந்ததை நடந்த பிறகு வீடியோவாகச் சேமிக்கும் வசதிக்குத் தமிழ்ப் பெயர் தேடும் இந்த மடல் இழை நீண்டுகொண்டே போகிறது, சொற்களும் குவிந்துகொண்டே போகின்றன, ஆனால் எல்லோரும் ஒரே பொருளைப் பற்றித்தான் பேசுகிறோமா என்பது எனக்குத் தெளிவாகவில்லை. ‘மீள்பதிவு’ என்று எழுதிய பாலக்கோட்டு அண்ணன் மனதில் இருப்பது கடைசியில் கிடைக்கும் கோப்பு. ‘நினைவுச்சுழல்’ என்று எழுதிய பர்கூர் தம்பி மனதில் இருப்பது உள்ளே ஓடும் ஏற்பாடு. விளையாடுகிறவருக்கு வேண்டியது ஒரு பொத்தான். அதன் மேல் எழுதியிருப்பதைப் பார்த்ததும் புரிய வேண்டும், அவ்வளவுதான். நான் அங்கிருந்து தொடங்குகிறேன்.

ஒருவர் கணினியில் விளையாடுகிறார். பின்னணியில் ஒரு மென்பொருள் திரையை ஓயாமல் பதிந்துகொண்டே இருக்கிறது, ஆனால் கடைசி 30 நொடியையோ 5 நிமிடத்தையோ மட்டும் வைத்துக்கொண்டு அதற்கு முந்தியதை விட்டுவிடுகிறது. ஏதாவது பிரமாதமாக நடந்துவிட்டால், நடந்து முடிந்த பிறகு ஒரு விசையை அழுத்தினால் போதும், வைத்திருந்தது கோப்பாகிவிடும். அழுத்தாவிட்டால் போனது போனதுதான்.

இதற்கு ஆங்கிலத்திலேயே ஒருமித்த பெயர் கிடையாது. வரைகலை அட்டை செய்யும் என்விடியா 2013-ல் ஷேடோபிளே என்று கொண்டுவந்தது, பிறகு அதே வசதிக்கு இன்ஸ்டன்ட் ரீப்ளே என்று பெயர் மாற்றியது. அதே ஆண்டு நவம்பரில் வந்த பிளேஸ்டேஷன் 4 விளையாட்டுக் கருவியில் ஷேர் பொத்தானை வைத்து கடைசி 15 நிமிடத்தை எடுத்துக்கொள்ளலாம். திரையைப் பதியும் மென்பொருளான ஓபிஎஸ் ஸ்டுடியோவில் இது ரீப்ளே பஃபர். விண்டோஸின் கேம் பாரில் ‘கடைசி 30 நொடி’ என்று நேரத்தையே பெயராக வைத்துவிட்டார்கள். நின்டெண்டோ சுவிட்ச் கருவியில் இது 2017-ல் வந்தபோது தனிப் பெயரே இல்லை, படம் பிடிக்கும் பொத்தானைச் சற்று அழுத்திப் பிடித்தால் வீடியோ, அவ்வளவுதான். கணினி விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் 2024-ல் பின்னணிப் பதிவு என்றது. ஆளுக்கொரு பெயர். அதனால் எந்த ஆங்கிலச் சொல்லுக்கு நேரான தமிழ் எது என்று நாம் முட்டிக்கொள்ள வேண்டியதில்லை. பொருளைப் பார்த்து நாமே பெயர் வைக்கலாம், இந்த வாய்ப்பு எல்லாச் சொல்லுக்கும் கிடைப்பதில்லை.

உள்ளே நடப்பதைக் கொஞ்சம் பார்த்துவிடலாம், ஏனென்றால் பாதி குழப்பம் அங்கேதான். 1920-க்கு 1080 அளவுள்ள ஒரு சட்டகத்தை, அதாவது வீடியோவின் ஒரு தனிப் படத்தை, அப்படியே வைத்தால் 6 எம்பிக்கு மேல். நொடிக்கு 60 சட்டகம் என்றால் நொடிக்கு 370 எம்பிக்கு மேல், 30 நொடிக்கு 11 ஜிபியைத் தாண்டும். பெரும்பாலான வீட்டுக் கணினிகள் திணறிவிடும். ஆகவே வரும்போதே சுருக்கித்தான் வைக்கிறார்கள், பெரும்பாலும் வரைகலை அட்டையில் அதற்கென்றே இருக்கும் சில்லுப் பகுதி அந்த வேலையைச் செய்கிறது, விளையாட்டின் வேகம் அதிகம் குறையாததற்கு அதுதான் காரணம். நொடிக்கு 6000 கிலோபிட் என்று வைத்தால் அதே 30 நொடி 22.5 எம்பியில் அடங்கிவிடும். விசையை அழுத்தும்போது புதிதாக எதுவும் பதிவதில்லை, மறுபடி சுருக்குவதும் இல்லை. ஏற்கெனவே சுருக்கி வைத்ததைக் கோப்பாகக் கட்டி வட்டில் எழுதுவது மட்டும்தான் நடக்கிறது. இதை மனதில் வையுங்கள், கீழே வினைச்சொல்லைத் தேர்ந்தெடுக்க இதுதான் ஆதாரம்.

ஆங்கிலத்தில் பஃபர் எனப்படும் அந்த இடைப்பட்ட சேமிப்புக்கு ‘இடையகம்’ என்று கணினிப் பக்கம் பலர் எழுதுகிறார்கள். பள்ளி வேதியியலில் ‘தாங்கல் கரைசல்’ என்று படித்திருக்கிறோம், அதுவும் ஆங்கிலத்தில் பஃபர்தான், அந்தத் தாங்கலும் இங்கே பொருந்தும். நீரைத் தேக்கி வைக்கும் இடத்துக்கும் தாங்கல் என்றுதானே பெயர். எங்கள் தருமபுரி ராமக்காள் ஏரி நிரம்பி கோடி போகும்போது பார்த்திருப்பீர்கள், மேலே வருகிறது வர, அந்தப் பக்கம் வழிகிறது வழிய, உள்ளே நிற்கும் அளவு மட்டும் மாறாது. என்ன, இங்கே பழையதுதான் முதலில் வெளியேறும், அந்த ஒழுங்கு தண்ணீருக்குக் கிடையாது. இந்த ஏற்பாட்டுக்கு ‘சுழல் தாங்கல்’ என்ற பெயரில் எனக்கு முழுச் சம்மதம். ஆனால் அது நிரல் எழுதுகிறவர்கள் சொல்லாக இருக்கட்டும், பொத்தானுக்கு வேண்டாம்.

‘நினைவுச்சுழல்’ வேண்டாம் என்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. ஓபிஎஸ் இதை நினைவகத்தில் வைக்கிறது, உண்மைதான். ஆனால் என்விடியா தற்காலிகக் கோப்பாக வட்டில் எழுதுகிறது, ஸ்டீமும் வட்டில்தான் வைக்கிறது. கோடை மழைக்கு முன்னால் காற்றடித்தாலே கரண்ட் போகிற நம் பக்கத்தில் இந்த வித்தியாசம் உடனே தெரியும், நினைவகத்தில் இருந்தது கரண்டோடு சேர்ந்து போய்விடும். எங்கே வைக்கிறது என்பது மென்பொருளுக்கு மென்பொருள் மாறும்போது அதைப் பெயரிலேயே கட்டிப்போடக் கூடாது.

இனி மற்ற முன்மொழிவுகள்.

> ‘பின்பதிவு’ எப்படி? ‘முன்பதிவு’க்கு எதிர்ச்சொல்லாகவும் அமைகிறதே.

அமைகிறது, சிக்கலே அதுதான். முன்பதிவு என்றால் பெங்களூரு பேருந்தில் இடம் பிடிப்பது என்று ஊரே அறிந்து வைத்திருக்கிறது. பின்பதிவு என்று கேட்டால் கடைசி நேரத்தில் சீட்டு வாங்குவது என்று நினைப்பார்கள். அதைவிடப் பெரிய கோளாறு, ‘பின்’ என்பதை ‘இதற்குப் பிறகு வருவது’ என்றும் படிக்கலாம். அப்படிப் படித்தால் இனிமேல் நடக்கப்போவதைப் பதிவது என்று ஆகிவிடும், நாம் சொல்ல வந்ததற்கு நேர் எதிர்.

> ‘மீள்பதிவு’ ஏற்கெனவே புழக்கத்தில் உள்ள சொல், எளிதில் ஏற்பார்கள்.

அண்ணா, புழக்கத்தில் இருப்பது உண்மை, ஆனால் வேறு பொருளில். வலைப்பதிவுக் காலத்திலிருந்தே பழைய இடுகையை மறுபடி போட்டால் தலைப்பில் மீள்பதிவு என்று எழுதுவது வழக்கம். அந்த இடத்தை அதனிடமிருந்து பிடுங்க முடியாது, பிடுங்கவும் கூடாது.

> ‘உடனடி மறுகாட்சி’ என்று நேரடியாகவே வைக்கலாம்.

இதைக் கொஞ்சம் விரிவாகவே மறுக்க வேண்டியிருக்கிறது. ரீப்ளே என்ற சொல் இந்தப் பொருளில் தொலைக்காட்சியிலிருந்து வந்தது. 1963 டிசம்பர் 7 அன்று அமெரிக்காவில் ராணுவ, கடற்படை அணிகளுக்கு நடுவே நடந்த அமெரிக்கக் கால்பந்து ஆட்டத்தின் நேரலையில் டோனி வெர்னா என்ற இயக்குநர் நடந்து முடிந்ததை உடனே ஒருமுறை திரும்பக் காட்டினார். பார்க்கிறவர்கள் குழம்பிவிடக் கூடாதே என்று, ராணுவ அணி மறுபடியும் புள்ளி எடுக்கவில்லை என்று வர்ணனையாளர் விளக்க வேண்டியிருந்தது. அங்கே வேலை காட்டுவது. கிரிக்கெட்டில் ரன் அவுட்டை நாம் திரும்பப் பார்ப்பதும் அதுவே. இங்கேயோ யாரும் எதையும் காட்டவில்லை, விளையாட்டு நிற்கவே இல்லை, கோப்பு மட்டும் ஓசையில்லாமல் போய் உட்கார்ந்துகொள்கிறது. இன்னொன்று, பல விளையாட்டுகளில் ரீப்ளே என்று வேறொரு வசதி இருக்கிறது. கவுன்டர்-ஸ்ட்ரைக்கின் டெமோ கோப்பு மாதிரி. அதில் படமே இருக்காது, யார் எங்கே நகர்ந்தார், எப்போது சுட்டார் என்ற தரவுதான் இருக்கும், அதை வைத்து விளையாட்டே காட்சியை மறுபடி வரைந்து காட்டும், கேமராவைத் திருப்பி எதிராளியின் கண் வழியாகவும் பார்க்கலாம். ‘மறுகாட்சி’ அதற்கு அளவெடுத்துத் தைத்த சொல். அதை இங்கே செலவழித்துவிட்டால் நாளைக்கு அதற்கு எங்கே போவது?

‘நிழல்பதிவு’ பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. என்விடியாவின் ஷேடோபிளே என்ற பொருள் பெயரிலிருந்து வந்தது, போதாததற்கு நிழற்படம் என்றால் போட்டோ.

> எதற்கு இவ்வளவு? பசங்க ‘கிளிப்’ என்கிறார்கள், அப்படியே விட்டுவிடலாமே.

பேச்சில் இருக்கட்டும், யாரும் தடுக்கவில்லை. ஆனால் எந்த வீடியோவிலிருந்து எப்போது வெட்டினாலும் அது கிளிப்தான், துணுக்குதான். நடந்த பிறகு எடுத்தது என்ற செய்தி அதில் இல்லை, அந்தச் செய்திக்காகத்தான் நாம் இத்தனை மடல் எழுதுகிறோம்.

பசங்க என்ன சொல்கிறார்கள் என்று கேட்பதற்காகவே நாலு ரோடு பக்கம் இருக்கும் ஒரு கேமிங் சென்டரில் போய் உட்கார்ந்தேன். ஒரு பையன், பிளஸ் டூ படிக்கிறவனாக இருக்கலாம், எதிரணியில் மிஞ்சியிருந்த மூவரையும் தனி ஆளாக முடித்துவிட்டு நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டான். ஹெட்செட் ஒரு காதிலிருந்து நழுவித் தொங்குகிறது. வலது கை சுட்டியை விட்டுவிட்டு நேராக எஃப்10-க்குப் போகிறது, இடது கட்டைவிரல் அதற்குள் ஆல்ட் மேல் இருக்கிறது. திரையின் மூலையில் சின்னதாக ஓர் அறிவிப்பு வந்து மறைந்தது. பக்கத்தில் இருந்தவன் கேட்டது, ‘டேய், எடுத்தியா?’ இவன் சொன்னது, ‘எடுத்துட்டன்டா, இப்ப நடந்தது முழுசா இருக்கு.’

இதில் ‘இப்ப நடந்தது’ என்பதைத்தான் நான் பிடித்துக்கொண்டேன். அவன் வாயில் கருவி வரவில்லை, தாங்கல் வரவில்லை, நேரம்தான் வந்தது. அந்த நேரத்துக்கு எழுத்துத் தமிழில் எல்லோருக்கும் தெரிந்த ஒரு சொல் தயாராக இருக்கிறது: சற்றுமுன். செய்தித் தொலைக்காட்சிகள் திரையின் அடியில் சிவப்புப் பட்டையில் தினமும் ஓட்டி ஓட்டி, எழுத்துக் கூட்டிப் படிக்கிறவர்கூட அதைப் பார்த்ததும் ‘இப்போதுதான் ஏதோ நடந்திருக்கிறது’ என்று நிமிர்ந்து உட்காரும் அளவுக்குப் பழக்கிவிட்டார்கள். செய்தியோடு குழம்பாதா என்று தென்கரைக்கோட்டை ஐயா கேட்டிருந்தார். குழம்பாது என்றே நினைக்கிறேன் ஐயா. விளையாட்டுத் திரையில் செய்தியை யாரும் எதிர்பார்ப்பதில்லை, பொருளும் இரண்டு இடத்திலும் ஒன்றுதான்.

வினைச்சொல் ‘சேமி’ என்றே இருக்க வேண்டும் என்று நான் அழுத்திச் சொல்வேன். ‘பதி’ என்று போட்டால் அழுத்திய நொடியிலிருந்து பதிவு தொடங்குகிறது என்று நினைத்து, ஆள் மறுபடி ஒருமுறை அழுத்தி நிறுத்தப் பார்ப்பார். ‘எடு’ நல்ல பேச்சு வழக்கு, ‘எடுத்தியா’ என்று இறந்தகாலத்தில் கேட்கும்போது சரியாகவும் இருக்கிறது, ஆனால் பொத்தானில் ‘வீடியோ எடு’ என்று இருந்தால் இனிமேல் எடு என்றுதான் ஆகும். பதிவு முன்பே நடந்துவிட்டது, மிச்சம் இருப்பது அதைக் கைவிடாமல் காப்பது, அதற்குச் சேமி தவிர வேறு சொல் எனக்குத் தோன்றவில்லை.

பெயரில் எண் வேண்டாம் என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன், ‘முப்பதுநொடி’ என்று ஒருவர் எழுதியிருந்தார். பயனர் நேரத்தை மாற்றிக்கொள்ளலாம் என்பது ஒரு பக்கம். சரியாக 30 நொடி வருவதே உறுதியில்லை என்பது இன்னொரு பக்கம். சுருக்கும்போது சில நொடிக்கு ஒருமுறைதான் முழுச்சட்டகம் வைக்கப்படுகிறது, நடுவில் இருப்பவை முந்தைய சட்டகத்திலிருந்து என்ன மாறியது என்பதை மட்டும் சொல்பவை. துணுக்கு முழுச்சட்டகத்தில்தான் தொடங்க முடியும். அதனால் கேட்டதற்கு ஒன்றிரண்டு நொடி முன்பின்னாக இருக்கும்.

நியாயமான எதிர்ப்பு ஒன்றே ஒன்றுதான் வந்தது, ஓசூர் தங்கை எழுதியது. ஸ்டீமில் நாமாக மாற்றாவிட்டால் பின்னணிப் பதிவு 120 நிமிடத்தை வைத்திருக்கிறது, இரண்டு மணி நேரத்துக்கு முந்தையதைச் சற்றுமுன் என்பதா? இல்லைதான் தங்கை. ஆனால் அங்கே ஆள் என்ன செய்கிறார் என்று பாருங்கள். காலக்கோட்டைத் திறந்து, பின்னால் போய், வேண்டிய இடத்தை வெட்டி எடுக்கிறார். ஒரே அழுத்தலில் முடியும் வேலையல்ல, நிதானமாக உட்கார்ந்து செய்வது. அந்த நீண்ட பதிவுக்கு ‘சுழல்பதிவு’ என்று வைத்துவிடலாம். காரின் முன்கண்ணாடியில் மாட்டும் கேமராவும் நினைவக அட்டை நிறைந்ததும் பழையதை அழித்துக்கொண்டே பதிகிறது, அதற்கும் இதே சொல் உதவும். சுழல்பதிவு என்பது ஓடிக்கொண்டே இருப்பது, சற்றுமுன் என்பது அதன் நுனியிலிருந்து கிள்ளிக்கொள்வது.

அப்படிப் பிரித்ததும் மொழிபெயர்ப்புச் சரங்கள், அதாவது திரையில் வரும் சொற்றொடர்கள், தாமாகவே அமைந்துவிடுகின்றன. ஓபிஎஸ் பட்டியலில் தொடக்கத்துக்கு ‘சுழல்பதிவைத் தொடங்கு’, முடிவுக்கு ‘சுழல்பதிவை நிறுத்து’, விசைக்கு ‘சற்றுமுன் நடந்ததைச் சேமி’, கிடைக்கும் கோப்புக்கு ‘சற்றுமுன் துணுக்கு’. அமைப்புப் பக்கத்தில் ‘அதிகபட்ச நேரம்’ என்பது மாற வேண்டியதில்லை. சேமித்ததும் மூலையில் வரும் அறிவிப்பு ‘சற்றுமுன் நடந்தது சேமிக்கப்பட்டது’ என்று இருந்தால் ரொம்ப நீளம், ‘சேமித்தாயிற்று’ போதும்.

தமிழக அரசின் கலைச்சொல் தொகுப்பான சொற்குவைக்கு அனுப்புவதானால் சுழல் தாங்கல், சுழல்பதிவு, சற்றுமுன் ஆகிய மூன்றையும் சேர்த்தே அனுப்ப வேண்டும் என்பது என் கருத்து. ஒன்றை மட்டும் அனுப்பினால் மற்ற இரண்டின் வேலையையும் அதன் தலையில் கட்டிவிடுவார்கள். பொத்தானில் இடம் போதாவிட்டால் ‘சற்றுமுன் சேமி’ என்று சுருக்கிக்கொள்ளலாம், பொருள் கெடாது. பர்கூர் தம்பி, சோதனைப் பதிப்பில் நீளமானதையே முதலில் போட்டு, எழுத்து வெட்டுப்படாமல் அடங்குகிறதா என்று பார்த்து ஒரு திரைப்பிடிப்பு அனுப்புங்கள்.

அன்புடன்,
தருமபுரியிலிருந்து